ஒன்றுமே செய்ய வேண்டாத செடி

உ

பொகவந்தலாவை,
மாசி மாதம், ஞாயிற்றுக்கிழமை,
உங்கள் அழைப்பு வந்து போன பிறகு.

தோஹா நகரத்தில் வெயிலுக்குக் குறைவில்லாமல் வாழும் மாப்பிள்ளை திருநிறைச்செல்வன் ஜனார்த்தனன் அவர்களுக்கு, பொகவந்தலாவையில் வெயில் என்ற ஒன்றைக் காலண்டர் படத்தில் மட்டும் பார்த்து வாழும் மாமன், முன்னாள் கணக்கப்பிள்ளை நல்லமுத்து, அன்போடும் ஆசியோடும் எழுதிக்கொள்வது. இங்கு நான், உங்கள் அத்தை பூரணி, ஹம்சினி ஆகிய மூவரும் நலம். நான்காவதாக ஒன்று இந்த வீட்டில் இருக்கிறது. அதன் நலத்தைப் பற்றித்தான் இந்தக் கடிதம். தாங்களும் தங்கள் கம்பெனிக்காரர்களும் நலமாக இருக்க முருகனை வேண்டுகிறேன். முருகனைப் பற்றியும் கீழே எழுதியிருக்கிறேன்.

கையில் ஃபோன் இருக்கும்போது இந்தக் காலத்தில் யாராவது கடிதம் எழுதுவார்களா என்று நீங்கள் கேட்கலாம். ஃபோனில் உங்களிடம் பேச எனக்கு வாய் வருவதில்லை. முப்பத்தெட்டு வருஷம் மலையில் நின்று, அந்த மலைக்கும் இந்த மலைக்கும் கேட்கிற மாதிரி சத்தம் போட்ட வாய் இது. காலையில் வேலைக்கு ஆள் பிரிக்கிற பெரட்டுக் களத்தில் நான் ஒரு இருமல் இருமினால் நூறு பேர் வரிசையில் நிற்பார்கள். அப்படிப்பட்டவன் "மாப்பிள்ளை" என்று சொன்னவுடன் குரல் இறங்கி, முதுகு வளைந்து, "நல்லா இருக்குங்க" என்று சொல்லிவிட்டு நிற்கிறேன். பெண்ணைக் கொடுக்கப்போகிற இடம், மரியாதை குறுக்கே வந்து விழுகிறது. காகிதத்தில் அந்தத் தொந்தரவு இல்லை. என் அண்ணன் மகன் சுமன் அடுத்த கிழமை கத்தாருக்கு வேலைக்கு வருகிறான். பூரணி கொடுத்து அனுப்பும் மிளகாய்த்தூளோடு இதையும் அவன் உங்கள் கையில் தருவான். தூளை முதலில் பத்திரப்படுத்திவிட்டு, உட்கார்ந்துகொண்டு படியுங்கள்.

போன வருஷம் நிச்சயதார்த்தம் முடிந்து, விமானம் ஏறுவதற்கு முந்தின கிழமை ராகலையிலிருந்து பஸ் மாறி மாறி எங்கள் வீட்டுக்கு வந்தீர்கள். கையில் பத்திரிகைத் தாளில் சுற்றிய ஒரு பொருள். ஹம்சினிக்கு ஏதோ கொண்டுவந்திருக்கிறார் என்று பூரணி என்னை இடித்தாள், நான் நாகரிகமாக முகத்தைத் திருப்பிக்கொண்டேன். நீங்கள் தாளைப் பிரித்து, அதை என் கையில் கொடுத்தீர்கள். ஒரு சின்ன மண்சட்டி, சட்டி நிறையக் குறுணிக்கல், அதன் நடுவில் கைக்குள் அடங்குகிற ஒரு தோடம்பழம் அளவுக்கு உருண்டையாக ஒரு பச்சை. பீர்க்கங்காய்க்கு இருப்பது போல மேலிருந்து கீழே வரம்பு வரம்பாக ஓடுகிறது. வரம்பின் மேல் ஒழுங்கான இடைவெளி விட்டு வெள்ளைப் பொட்டு, பொட்டுக்குப் பொட்டு முள். உச்சியில் குழி விழுந்து அதில் பஞ்சு அடைத்த மாதிரி. இலை இல்லை, கிளை இல்லை, கொழுந்து இல்லை. நான் வாழ்நாள் எல்லாம் செடியோடு கிடந்தவன். இதற்கு எது முன்பக்கம் என்றே எனக்குத் தெரியவில்லை.

அதற்கு நீங்கள் சொன்ன பெயர் பதுளை ரயில் மாதிரி நீளமாகப் போனது, நான் ஏறுவதற்குள் கடந்துவிட்டது. அமெரிக்காக் கண்டத்தில் ஏதோ ஒரு பாலைவனத்துக் கள்ளி என்பது மட்டும் விளங்கியது. மூன்று வருஷமாக வளர்த்துவருவதாகவும், இன்னும் ஒரு பூ வைக்கவில்லை என்றும், பூத்தால் பூ செடியைவிடப் பெரிதாக இருக்கும் என்றும் சொன்னீர்கள். "இத நீங்கதான் பார்த்துக்கணும் மாமா" என்றீர்கள். "என்னங்க செய்யணும்?" என்று கேட்டேன். "ஒண்ணுமே செய்ய வேணாம் மாமா. மாசத்துக்கு ஒரு தடவ கொஞ்சமாத் தண்ணி, குளிர் காலத்துல அதுவும் வேணாம். வெயில்ல வச்சாப் போதும்" என்றீர்கள். சரிங்க என்று சொல்லிவிட்டேன். வேலியில் போன ஓணானை எடுத்து வேட்டியில் விட்டுக்கொண்டேன் என்பது அப்போது எனக்குத் தெரியாது.

மாப்பிள்ளை, ஒன்றுமே செய்யாமல் இருப்பது எவ்வளவு பெரிய வேலை என்று உங்களுக்குத் தெரியுமா? இந்தத் தோட்டத்தில் செடி என்றால் அதற்குத் தண்ணீர் விட வேண்டும், உரம் போட வேண்டும், களை எடுக்க வேண்டும், மருந்து அடிக்க வேண்டும், கவ்வாத்து வெட்ட வேண்டும். ஒன்றும் செய்யாமல் செடிக்குப் பக்கத்தில் நின்ற ஆளை நான் எத்தனை முறை அரைநாள் சம்பளத்துக்கு அரைப்பெயர் போட்டு வீட்டுக்கு அனுப்பியிருக்கிறேன்! இப்போது நானே காலையில் தேத்தண்ணிக் கோப்பையோடு அதன் முன்னால் நின்று, ஒன்றும் செய்யாமல், அதையே பார்த்துக்கொண்டிருக்கிறேன். லயத்து வரிசை வீட்டு ஆட்கள் வேலைக்குப் போகிற வழியில் பார்த்துவிட்டுப் போகிறார்கள். ரிட்டயர் ஆனதும் கணக்கப்பிள்ளைக்குத் தலை கொஞ்சம் இளகிவிட்டது என்று பேச்சு. ஊர் வாயை மூட உலைமூடி ஏது?

நானாவது பார்த்துக்கொண்டு மட்டும் நின்றேன். பூரணியால் அதுவும் முடியவில்லை. "மாப்பிள்ள வீட்டுச் செடி நம்ம வீட்டுல பட்டினி கெடந்துச்சுன்னா நாளைக்கி ஒரு பேச்சு வராதாங்க?" என்று கேட்டுவிட்டு, எனக்குத் தெரியாமல் அரிசி கழுவிய தண்ணீர் ஊற்றினாள். அடுத்த வீட்டு வீரய்யா ஆட்டுப்புழுக்கை கொண்டுவந்து போட்டான். அவன் எனக்குக் கீழே வேலை செய்தவன், செய்யாதே என்று சொன்னால்தான் செய்வான். செடி வீங்க ஆரம்பித்தது. வரம்புகளுக்கு இடையில் இருந்த பள்ளமெல்லாம் நிரம்பி, வயிறு முட்டச் சாப்பிட்ட மாதிரி உருண்டு திரண்டு பளபளவென்று நின்றது. நம் வீட்டுச் சாப்பாடு ஒத்துக்கொண்டது என்று பூரணிக்கு ஒரே பெருமை. உண்மையைச் சொல்கிறேன், எனக்கும்தான்.

நீங்கள் ஞாயிற்றுக்கிழமை தவறாமல் கூப்பிடுவீர்கள். அதில் ஒரு குறையும் சொல்ல மாட்டேன். எங்கள் வீட்டுக்குள் சிக்னல் கிடைக்காது என்பதால் குடும்பத்தோடு தண்ணீர் டேங்கி மேட்டுக்கு ஏறி நிற்போம். ஹம்சினி தலை வாரி, பொட்டு வைத்து, எனக்குப் பின்னால் நிற்பாள். உங்கள் முகம் வரும். "செடி எப்படி மாமா இருக்கு?" "நல்லா இருக்குங்க மாப்பிள்ளை." "தண்ணி ஊத்தலையே?" "இல்லைங்க." "வெயில் படுதா?" "படுதுங்க." "சரி மாமா, வைக்கிறேன்." இவ்வளவுதான். வீடியோவில் செடியைப் பார்க்க வேண்டும் என்று நீங்கள் ஆசைப்பட்டதால், செடியையும் தூக்கிக்கொண்டு மேடு ஏறினேன். "கொஞ்சம் இடது பக்கம் காட்டுங்க மாமா. இன்னும் கொஞ்சம். இல்ல, கீழ எறக்குங்க." நானும் குறுக்கே நெடுக்கே காட்டினேன், முள் குத்திய விரலோடு. பின்னால் ஒரு பெண் புதுச் சுடிதார் போட்டுக்கொண்டு நின்றாளே மாப்பிள்ளை! தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் சின்னப் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக்கொடுத்துவிட்டு, ஞாயிற்றுக்கிழமை ஆனால் உங்களுக்காக வந்து நிற்கிறாளே! "ஹம்சினி எப்படி இருக்கா?" என்று ஒரு வார்த்தை கேட்டீர்களா? ஒரு செடிக்கு இருக்கிற விசாரிப்பு என் பிள்ளைக்கு இல்லையா என்று எனக்கு வயிறு எரிந்தது. இப்போதும் எரிகிறது.

அப்புறம் ஆனி மாத மழை பிடித்தது. இங்கே மழை பிடித்தால் நிலைமை என்ன என்பது ராகலைக்காரரான உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. காயப்போட்ட துணி காயாமல் காளான் பிடிக்கும். மூடுபனி கதவைத் தட்டாமல் உள்ளே வந்து கட்டிலில் உட்காரும். இந்த ஊரில் இருந்துகொண்டு நான் வெயிலைத் தேடி அலைந்தேன். காலையில் கோயில் படிக்கட்டு, மத்தியானம் கூட்டுறவுக் கடை வாசல், சாயங்காலம் டேங்கி மேடு என்று செடியைத் தூக்கிக்கொண்டு போனால், நான் போவதற்குள் வெயில் அடுத்த மலைக்குப் போய்விடும். ஒரு நாள் சட்டியைத் திருப்பிப் பார்த்தேன். செடியின் அடிப்பக்கம் பழுப்பேறி, விரலால் தொட்டால் கனிந்த கொய்யாப்பழம் மாதிரி அமுங்கியது. நிச்சயம் பண்ணின மாப்பிள்ளை நம்பிக் கொடுத்த ஒரே பொருள் அழுகிப்போனால், ஒரு செடியைக் காப்பாற்றத் தெரியாத வீட்டில் பெண் எடுப்பதா என்று சம்பந்தி அம்மா தனலெட்சுமி நினைக்க மாட்டாரா? அவர் வாயைத் திறந்து சொல்ல மாட்டார். நினைப்பாரே!

அந்தச் சமயத்தில்தான் கோயில்காரர்கள் கதிர்காமத்துக்கு பஸ் கட்டினார்கள். பூரணியும் நானும் புறப்பட்டோம். ஹம்சினி பள்ளிக்கூடம் இருக்கிறது என்று வீட்டில் நின்றுவிட்டாள். முருகன் சந்நிதியில் எல்லாரும் பிள்ளை வரம், வெளிநாட்டு விசா, முழங்கால் வலி என்று வேண்டிக்கொண்டிருக்க, நான் ஒரு கள்ளிச்செடிக்காக வேண்டிக்கொண்டேன். சாமியிடம் கடன் சொல்லக் கூடாது என்று அங்கேயே முன்கூட்டி மொட்டையும் போட்டுக்கொண்டேன். "எதுக்கு அண்ணே மொட்ட?" என்று பஸ்ஸில் கேட்டவர்களிடம் இடுப்பு வலிக்கு என்று பொய் சொன்னேன். பூரணி மட்டும், "பேரப்பிள்ளைக்கிப் போட வேண்டிய மொட்டைய முள்ளுக்கிப் போட்டுட்டு வர்றீங்களே" என்று வழியெல்லாம் முணுமுணுத்தாள். திரும்பி வந்து பார்த்தால், மாப்பிள்ளை, நம்ப மாட்டீர்கள். செடி கல் மாதிரி நின்றது. பழுப்பும் இல்லை, அமுக்கமும் இல்லை. எண்ணிப் பார்த்தேன், முன்பு இருந்ததைவிட ஒரு வரம்பு கூடவே இருந்தது. நான் அப்படியே தரையில் விழுந்து கதிர்காமத்துத் திசையைப் பார்த்துக் கும்பிட்டேன். ஆடிக் குளிரில் மொட்டைத்தலையோடு நான் பட்ட பாட்டை வீடியோவில் பார்த்துவிட்டு நீங்கள், "மாமா, செடிக்குப் பனி படாமப் பார்த்துக்கங்க" என்றீர்கள்.

ஒரு தடவை பட்டது போதும் என்று அதற்குப் பிறகு ஈரமில்லாத இடமாகத் தேடினேன். இந்த மலைப்பக்கத்தில் மழைக்காலத்திலும் ஈரமில்லாத இடம் ஒன்றே ஒன்றுதான் உண்டு. தேயிலை ஸ்டோரில், பச்சைக் கொழுந்தைப் பரப்பிக் காற்றாடி போட்டு வாட்டுகிற மேல்மாடி. அங்கே வேலை பார்க்கிற பழனியாண்டி என் பழைய சிநேகிதன். கொழுந்தின் ஈரத்தையே உறிஞ்சுகிற காற்று, இதன் ஈரத்தை உறிஞ்சாதா என்று என் மூளை வேலை செய்தது. வாட்டுகிற தொட்டியின் ஒரு மூலையில் சட்டியை வைத்துவிட்டு, பழனியாண்டியிடம் ஜாடை காட்டிவிட்டு வந்தேன். பின்நேரக் கொழுந்து வந்தது. புது ஆள் ஒருவன் சாக்குச் சாக்காக அதன் மேலேயே கொட்டிப் பரப்பிவிட்டான். மறுநாள் விடியற்காலை வாடின கொழுந்தைக் கூட்டி அள்ளி, கீழே அரைக்கிற ரோலருக்குத் தள்ளுகிற நேரத்தில், "ஐயோ அம்மா!" என்று ஒரு அலறல். பழனியாண்டியின் உள்ளங்கை நிறைய முள். ரோலரை நிறுத்தினார்கள். தோட்டத்துத் துரை ஓடிவந்து, இது என்ன என்று சிங்களத்தில், "மே மொகக்த?" எனக் கத்தினார். பழனியாண்டி கையை உதறிக்கொண்டே, "புது ரகக் கொழுந்துங்க தொரை" என்றான். என்னைக் காட்டிக்கொடுக்கவில்லை, அந்த மட்டும் நல்லவன். இனிமேல் ஸ்டோர் வாசற்படி மிதிக்காதே என்று மட்டும் சொல்லி அனுப்பினான். அன்றைய தூள் எந்த நாட்டுக்குப் போனதோ, அங்கே யாருக்கும் தொண்டையில் குத்தாமல் இருக்கட்டும்.

ஸ்டோர் காற்றில் அது நன்றாகத்தான் வாடியது. திரும்ப வீட்டுக்கு வந்து, ஜன்னல் கண்ணாடிக்குப் பின்னால் உட்கார்ந்தது. பயத்தில் நான் ஒரு சொட்டுத் தண்ணீர் காட்டவில்லை. பூரணிக்கும் வீரய்யாவுக்கும் அந்த அறைக்குள் வரத் தடை போட்டேன். செடி நாளாக ஆக உள்ளே வாங்கியது. வரம்புகள் ஒன்றோடொன்று நெருங்கி, பள்ளங்கள் ஆழமாகி, ஆர்மோனியத் துருத்தியை மூடின மாதிரி சுருங்கிவிட்டது. செத்துப்போகிறது என்றுதான் நினைத்தேன். ஆனால் சாகவில்லை. தண்ணீர் இருந்தால் விரிந்துகொள்கிறது, இல்லாவிட்டால் மடித்து வைத்துக்கொள்கிறது. அந்த வரம்புகள் எதற்கு என்று அப்போதுதான் எனக்கு விளங்கியது. மழையே தெரியாத ஊரில் பிறந்தது, இருப்பதை வைத்துச் சிக்கனமாகக் குடும்பம் நடத்துகிறது. அதன் முள்ளைக்கூட உட்கார்ந்து பார்த்தேன். ஒரு பொட்டில் இத்தனை என்று ஒழுங்காக, அளவு பிடித்து நட்டது போல இருந்தது. என் காலத்தில் இவ்வளவு நேராக ஒரு வரிசை தேயிலை நட்ட ஆள் இல்லை. இதை உங்களிடம் சொல்லவேண்டும் என்று ஒவ்வொரு ஞாயிறும் நினைப்பேன். நீங்கள் "செடி எப்படி மாமா?" என்பீர்கள், எனக்கு "நல்லா இருக்குங்க" என்றுதான் வரும்.

இனிமேல்தான் விஷயம். மனதைத் திடப்படுத்திக்கொள்ளுங்கள். தை பிறந்து வெயில் காலம் வந்ததும், உச்சிப் பஞ்சுக்கு ஓரமாக மூன்று மொட்டு எட்டிப் பார்த்தது. பழுப்பு நிறம், பூனைக்குட்டி காது மாதிரி மேலெல்லாம் ரோமம். எனக்கு வந்த சந்தோஷத்தை எப்படி எழுத? ஹம்சினி பிறந்தபோது ஆஸ்பத்திரி வராந்தாவில் நின்றேனே, அப்படி நின்றேன். யாரிடமும் சொல்லவில்லை. கண் பட்டுவிடும். ஞாயிற்றுக்கிழமை உங்களிடம்தான் முதலில் சொல்ல வேண்டும், "மாப்பிள்ளை, மூணு வருஷமா உங்களுக்குப் பூக்காதது எங்க வீட்டுல பூக்கப்போகுது" என்று கொஞ்சம் தலை நிமிர்ந்து சொல்ல வேண்டும் என்று வசனம்கூட மனப்பாடம் செய்து வைத்திருந்தேன்.

சனிக்கிழமை வெள்ளைச் சட்டைக்கு இஸ்திரிப் பெட்டி போட வெளியே போனேன். வந்து பார்த்தால் மூன்று மொட்டும் இல்லை. பூரணி ஜன்னலைத் துடைத்துக்கொண்டு நிற்கிறாள். "ஏய், இதுல இருந்தது எங்கடி?" என்றேன். "அதுவாங்க? வளராம மொட்டையா நின்னுச்சு. வங்கின்னு நெனச்சு ஒடிச்சு விட்டேன். வங்கிய ஒடிச்சாத்தானே அடுத்த கொழுந்து வரும்?" என்கிறாள். இருபத்தெட்டு வருஷம் கொழுந்து எடுத்த கை! வங்கி என்று நாங்கள் சொல்லும், வளராமல் நிற்கிற குருத்தைக் கண்டால் அவள் விரல் அவளைக் கேட்காமலே போய் ஒடித்துவிடும், தூக்கத்தில்கூட. அப்படிப் பழக்கியவனும் நான்தான். "அடியே, அது பூவுடி!" என்று தலையில் அடித்துக்கொண்டேன். "பூவா? அப்ப இன்னும் மோசம்ங்க. தேயில பூத்தா மலை கெட்டுப்போச்சுன்னு நீங்கதானே எங்கள ஏசுவீங்க?" என்று என்னையே திருப்பிக் கேட்டாள். ஆனால் மாப்பிள்ளை, நீங்களும் யோசித்துப் பாருங்கள். தண்ணீர் ஊற்றாதே என்றீர்கள், உரம் போடாதே என்றீர்கள். கிள்ளாதே என்று சொன்னீர்களா? தேயிலைத் தோட்டத்தில் செடியைக் கொண்டுவந்து கொடுப்பவர் முதலில் சொல்ல வேண்டியது அதுதானே! மூன்று மொட்டையும் ஒரு தாளில் மடித்து இத்துடன் வைத்திருக்கிறேன். மிளகாய்த்தூள் பட்டிருந்தால் தட்டிவிட்டுப் பாருங்கள்.

இன்று காலை நீங்கள் கூப்பிட்டபோது இதைத்தான் சொல்ல வந்தேன். வாய் வரவில்லை. அதற்குப் பதிலாக, ஒரு வருஷமாகத் தொண்டையில் நின்ற இன்னொன்று வந்துவிட்டது. "மாப்பிள்ளை, கல்யாணத் தேதி பத்தி ஒரு வார்த்தை..." என்று கேட்டேன். உங்கள் காதில் விழுந்ததுதானே? அந்தப் பக்கம் சத்தமே இல்லை. சிக்னல் போய்விட்டதோ என்று ஃபோனைத் தூக்கிப் பார்த்தேன், உங்கள் முகம் அசையாமல் இருந்தது. பிறகு, "செடிய வெயில்ல வைங்க மாமா" என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டீர்கள். நான் மேட்டிலேயே உட்கார்ந்துவிட்டேன்.

ஆகவே மரியாதையெல்லாம் ஒரு பக்கம் வைத்துவிட்டு, ஒரு பெண்ணின் தகப்பனாகக் கேட்கிறேன். என் மகளைக் கட்டிக்கொள்ள உங்களுக்கு விருப்பம் உண்டா, இல்லையா? இல்லையென்றால் சொல்லிவிடுங்கள். லயத்தில் எல்லாரும் "மாப்பிள்ள எப்ப வர்றாரு?" என்று கேட்கிறார்கள். அவள் சிரித்துக்கொண்டே பதில் சொல்லிவிட்டு உள்ளே வருகிறாள். அந்தச் சிரிப்பைப் பார்த்துக்கொண்டு என்னால் இருக்க முடியவில்லை. உங்கள் செடியை நானே ராகலைக்குக் கொண்டுபோய் சம்பந்தி அம்மா கையில் ஒப்படைத்துவிடுகிறேன். விருப்பம் உண்டென்றால் வந்து பெண்ணையும் செடியையும் சேர்த்து அழைத்துக்கொண்டு போங்கள். இனி ஒரு நாள்கூட அந்த முள்ளுருண்டையை நான் பார்த்துக்கொள்ள மாட்டேன். இது முடிவு.

கோபத்தில் எழுதியதில் ஏதும் தவறு இருந்தால் பொறுத்துக்கொள்ளவும். வேளாவேளைக்குச் சாப்பிடவும். வெயிலில் தொப்பி போடவும். கதிர்காமத்தானும் எங்கள் தோட்டத்து மாரியம்மனும் உங்களுக்குத் துணை நிற்கட்டும். பூரணி தன் அன்பையும், மொட்டுக்கான மன்னிப்பையும் தெரிவிக்கச் சொன்னாள். மன்னிப்பை அவள் சொல்லவில்லை, நான் சேர்த்தது.

இப்படிக்கு,
மாமன் நல்லமுத்து.

பின்குறிப்பு: மேலே எழுதியதை மடித்து உறையில் போட்டு, ஒட்டுவதற்கு ஹம்சினியிடம் பசை கேட்டேன். பசைக்குப் பதிலாக அவள் கடிதத்தை வாங்கி நின்றபடியே வாசித்துவிட்டாள். முதலில் சிரித்தாள். பிறகு என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். "அப்பா, அவரு என்கூடத் தெனமும் பேசுறாரு. பள்ளிக்கூடம் விட்டு வர்ற வழியிலயே பேசிருவோம்" என்றாள். "அப்ப தேதி கேட்டதுக்கு ஏன் வாயத் தொறக்கல?" என்றேன். "சித்திரைக்கி லீவு எழுதிக் குடுத்திருக்காரு. அது கையில வராம ஒங்களுக்கு வாக்குக் குடுக்கக் கூடாதுன்னு இருக்காரு. நீங்க திடீர்னு கேட்டதும் பயந்துட்டாராம்" என்றாள். கத்தாரில் இருக்கிற மனுஷன் பொகவந்தலாவையில் இருக்கிற எனக்குப் பயப்படுகிறாரா என்று எனக்கே வேடிக்கையாக இருந்தது.

வீடியோவில் இடது பக்கம் காட்டு, கீழே இறக்கு என்று நீங்கள் என்னை ஆட்டிவைத்ததற்கும் விளக்கம் கிடைத்தது. செடியை நான் நடுவில் பிடித்துக்கொண்டு நின்றால் பின்னால் நிற்கிறவள் மறைந்துவிடுகிறாளாம். இதைச் சொல்லும்போது அவள் முகத்தை நான் பார்க்கவில்லை, நாகரிகமாகத் திரும்பிக்கொண்டேன்.

அத்தோடு விட்டிருந்தால் பரவாயில்லை. "அப்பா, கோவிக்காதீங்க. அவரு குடுத்த செடி நீங்க கதிர்காமம் போன அன்னைக்கே கொழகொழன்னு அழுகிப்போச்சு. நான் பயந்துபோய் அவருக்குச் சொன்னேன். அதப் பத்திக் கவலப்படாத, மாமாவுக்கு மட்டும் தெரிய வேணாம், மனசு ஒடைஞ்சிருவாருன்னு சொன்னாரு. நுவரெலியாவுல ஒரு கடையில அதே சாதி இருக்குன்னு அவருதான் எடம் சொன்னாரு. நான் போய் வாங்கிட்டு வந்து அதே சட்டியில வச்சேன்" என்றாள். மொட்டைத்தலையைத் தடவிக்கொண்டேன். முடி இப்போது வளர்ந்துவிட்டது, இருந்தாலும் தடவினேன். அந்தக் கூடுதல் வரம்புக்காக முருகனுக்கு நான் தனியாகத் தேங்காய் உடைத்திருக்கிறேன்.

"அப்படின்னா தன் செடி செத்துப்போச்சுன்னு தெரிஞ்சும், எதுக்கு ஒவ்வொரு ஞாயித்துக்கெழமையும் செடி எப்படின்னு என்கிட்ட கேக்குறாரு?" என்று கேட்டேன். கொஞ்சம் கோபமாகத்தான் கேட்டேன். அவள் அதற்குச் சொன்ன பதிலைத்தான் அப்போதிருந்து யோசித்துக்கொண்டிருக்கிறேன். "வேற என்னத்தப்பா கேப்பாரு? அவருக்கு வெவரம் தெரியுமுன்ன அவரோட அப்பா தவறிட்டாரு. ஒரு அப்பாகிட்ட எப்படிப் பேசுறதுன்னே தனக்குத் தெரியாதுங்கிறாரு. போறப்போ செடிய ஒங்ககிட்டக் குடுத்ததே, ஒங்களுக்கு ஃபோன் எடுக்க ஒரு சாக்கு வேணும்னுதான். நீங்களும் நல்லா இருக்குன்னு ஒத்த வார்த்தையில முடிச்சுருவீங்க."

இதைக் கிழித்துப்போடத்தான் எழுந்தேன். "கிழிக்காதீங்கப்பா, அனுப்புங்க. நீங்க இவ்வளவு பேசுவீங்கன்னு அவருக்குத் தெரியட்டும்" என்று ஹம்சினி தடுத்துவிட்டாள். அனுப்புகிறேன். முடிவு என்று மேலே எழுதியிருப்பதை அடித்துவிட்டதாக வைத்துக்கொள்ளுங்கள். செடி இங்கேயே இருக்கட்டும், சித்திரையில் லீவு கிடைத்தாலும் கிடைக்காவிட்டாலும் இருக்கட்டும். அடுத்த ஞாயிற்றுக்கிழமை கூப்பிட்டு, செடி எப்படி என்று வழக்கம்போலக் கேளுங்கள் மாப்பிள்ளை. இந்தத் தடவை நான் சீக்கிரம் ஃபோனை வைக்க விட மாட்டேன்.